கடலோர திராட்சைத் தோட்டத்துல டேஸ்டிங்: ஒயின்ல கடல் உப்பு தெரியுதுங்கறது நிஜமா, ரீலா?

அலைவரிசை:
மக்களே, ரொம்ப நாளா படிச்சிட்டு மட்டும் போற ஆளு நான், இப்பதான் முதல் தடவையா ஒரு இழை தொடங்குறேன், கொஞ்சம் நீளமா இருக்கும். நானும் வீட்டுக்காரரும் ரெண்டு ஃப்ரெண்ட்ஸும் கடலோரமா இருக்கற ஒரு சின்ன திராட்சைத் தோட்டத்துக்கு கைடட் டேஸ்டிங் போயிருந்தோம். சின்னதுன்னா நிஜமாவே சின்னது, குடும்பமா நடத்துறாங்க, கவாத்து பண்றவரே பாட்டிலுக்கு லேபிளும் ஒட்டுறாரு, கைடு அவரோட பொண்ணுதான். முதல்ல தோட்டத்துக்குள்ள நடக்க வெச்சாங்க. காத்துன்னா அப்படி ஒரு காத்து, தலைல தொப்பி நிக்கல. கடல் பக்கத்து வரிசைல கொடியெல்லாம் குட்டையா இருந்துச்சு, இலை ஓரம் கருகிப் போயிருந்துச்சு. அப்புறம் பீப்பா அடுக்கின ரூம், அப்புறம் நீளமா ஒரு மேஜை, ஆளுக்கு அஞ்சு கிளாஸ்.

மூணாவது கிளாஸ் ஒரு வெள்ளை ஒயின். அந்தப் பொண்ணு "கண்ண மூடிட்டு ஒரு வாய் எடுங்க, முழுங்குனதுக்கு அப்புறம் நாக்குல ஒரு உப்பு நிக்கும் பாருங்க, அதுதான் இந்தக் கடல்"னு சொன்னாங்க. மேஜைல இருந்த அத்தன பேரும் ஆமா ஆமான்னு தலையாட்டுனாங்க, எனக்கும் ஏதோ இருந்த மாதிரிதான் பட்டுச்சு. வீட்டுக்காரர் என் காதுல, "இவ்ளோ பெரிய ஜன்னல் வெச்சு கடலக் காட்டிட்டே இருந்தா உப்பு தெரியாம சக்கரையா தெரியும்"ங்கறார். திரும்பி வர்ற வழி முழுக்க இதே சண்டை. விஷயம் தெரிஞ்சவங்க சொல்லுங்க, கடல் உப்பு திராட்சைக்குள்ள போய் ஒயின்ல வருமா வராதா?

இன்னொண்ணு, மேஜைல துப்பறதுக்குன்னு ஒரு பக்கெட் வெச்சிருந்தாங்க, ஒருத்தர்கூட துப்பல. துப்புனா அவங்க மனசு கஷ்டப்படுமா?

சும்மா_கேட்டேன்:
வீட்டுக்காரர் கட்சி நான். ஜன்னலுக்கு ஸ்கிரீன் போட்டுட்டு ஊத்திக் குடுத்திருந்தா எத்தன பேரு உப்புன்னு சொல்லியிருப்பாங்கன்னு பாக்கணும்.

மண்புழு:
திராட்சைத் தோட்டத்துல அறுவடை சீசன் வேலை பாத்தவன்ங்கற முறைல சொல்றேன், நீங்க பாத்த அந்தக் கருகின இலை ஓரம் இருக்கே, பதில் பாதி அதுலயே இருக்கு. கடல் காத்து உப்புத் துளியக் கொண்டுவந்து இலை மேல அடிக்கும், குளோரைடு இலை ஓரத்துல சேர்ந்து சேர்ந்து அந்த இடம் வெந்து போகும். திராட்சைக் கொடிக்கு உப்பு ஆகவே ஆகாது. அதனாலதான் கடல் பக்கம் மரவரிசை வெச்சு காத்தத் தடுப்பாங்க, இல்லன்னா கொடிய தரையோட தரையா குட்டையா வளப்பாங்க. உப்பு அதிகமா உள்ள போனா கொடி வளராது, காய் பிடிக்காது, ஒயின்ல டேஸ்டா வர்றதுக்கு முன்னாடி செடியே படுத்துடும். பழத்துத் தோல் மேல கொஞ்சம் உப்பு ஒட்டியிருக்கும்தான், இல்லன்னு சொல்லல, ஒயினுக்குப் போற பழத்த பொதுவா கழுவறதும் இல்ல. ஆனா மழை ஒண்ணு பேஞ்சா அதுவும் போயிடும்.

கடல் செய்யற உண்மையான வேலை வேற. மண்ணு சீக்கிரம் சூடாகி சீக்கிரம் ஆறும், தண்ணி மெதுவா சூடாகி மெதுவா ஆறும். மத்தியானம் தரைல காத்து சூடாகி மேல போகும்போது கடல்ல இருந்து குளிர்ந்த காத்து உள்ள வரும், நீங்க தொப்பியப் பிடிச்சிட்டு நின்னீங்களே அதுதான். இதுல குளிர்ந்த நீரோட்டம் ஓடற கரைன்னா இன்னும் விசேஷம். தென்னாப்பிரிக்காவுக்கு பெங்குவேலா, சிலிக்கு ஹம்போல்ட், கலிஃபோர்னியாவுக்கு அதோட சொந்த நீரோட்டம். கலிஃபோர்னியா கரைல கோடைல காலைல பனிமூட்டம் ஏறி தோட்டத்த மூடிடும், வெயில் உறைக்கவே நேரமாகும். இப்படி குளுமையா இருந்தா பழத்துல இருக்கற மாலிக் அமிலம் தீராம தங்கும். சூடான ஊர்ல செடி அத எரிச்சுத் தீத்துடும், சர்க்கரை ஏறும் புளிப்பு இறங்கும். கடலோர வெள்ளை ஒயின் சுரீர்னு இருக்கறதுக்கு முக்கியமான காரணம் இதுதான். அந்தப் பொண்ணு "இதுதான் கடல்"னு சொன்னது தப்பில்ல, உப்புன்னு சொன்ன இடத்துலதான் எனக்கு இடிக்குது.

காத்துக்கும் பங்கு உண்டு. பலமா அடிச்சா இலை தன்னோட துளைய மூடிக்கும், உணவு தயாரிக்கற வேகம் குறையும், பழம் சின்னதா நிக்கும். ஆனா அதே காத்துதான் இலைய உலர வெச்சு அடிச்சாம்பல் நோயக் கொஞ்சம் அண்டாம பாத்துக்குது. ஈரப்பதமான கரைல காத்தும் இல்லன்னா மருந்து அடிச்சே மாளாது.

பாதிகிளாஸ்:
அண்ணே நீங்க சொல்றதெல்லாம் சரி, ஆனா உலகம் பூரா கடலோர ஒயினுக்கு மட்டும் ஏன் உப்புங்கற பேரு வருது? கிரீஸ்ல சாண்டோரினி தீவு அசிர்டிகோ, ஸ்பெயின் ரியாஸ் பாய்ஷாஸ் அல்பரினோ, பிரான்ஸ்ல லுவார் ஆறு கடல்ல சேர்ற பக்கம் மஸ்கடே, அதே ஸ்பெயின்ல சான்லூகார்ங்கற ஊரு மன்சனீயா, இது எல்லாத்தையும் குடிச்சவங்க ஒருத்தருக்கொருத்தர் பேசிவெச்சுக்கிட்டா உப்புன்னு எழுதுறாங்க? நானே குடிச்சிருக்கேன், எல்லாத்துலயும் அந்த முடிவு தெரியும், உதட்ட நக்கிப் பாக்கத் தோணும். இத ஜன்னல் கணக்குல தள்ளிவிடறது நியாயமில்ல.

லேப்கோட்:
ரெண்டு விஷயத்தைப் பிரிச்சுக்குவோம். வாயில உப்பு மாதிரி ஒரு உணர்வு வருதாங்கறது ஒண்ணு. அது கடல்ல இருந்து வந்த சோடியம் குளோரைடாங்கறது இன்னொண்ணு. முதலாவது நிஜமா இருந்து ரெண்டாவது பொய்யா இருக்கலாம்.

கடல் தண்ணில லிட்டருக்கு சுமார் 35 கிராம் உப்பு. சாதாரண ஒயின்ல சோடியம் லிட்டருக்கு சில பத்து மில்லிகிராம்தான். வெறும் தண்ணில கலந்து குடுத்தாலே இவ்ளோ கம்மி உப்பு நிறைய பேருக்குத் தெரியாது, இதுல புளிப்பும் ஆல்கஹாலும் வாசனையும் சேர்ந்து அடிக்கும்போது எங்க தெரியப்போகுது. உப்புத் தண்ணி பாய்ச்சின சில வறண்ட பகுதி ஒயின்ல சோடியம் நிஜமாவே ஏறும். ஆனா அத யாரும் பெருமையா சொல்றதில்ல, குறையாத்தான் எழுதுவாங்க.

அப்ப அந்த உணர்வு எங்கிருந்து? சந்தேகப்பட வேண்டிய ஆளு நிறைய. ஈஸ்ட் புளிக்க வைக்கும்போது சக்சினிக் அமிலம்னு ஒண்ணு உண்டாக்கும், அதுக்கே ஒரு உப்புக் கசப்பு உண்டு. பொட்டாசியம் ஒயின்ல சோடியத்த விட பல மடங்கு அதிகம். சர்க்கரை சுத்தமா இல்லாம புளிப்பு தூக்கலா இருந்தா எச்சில் ஊறும், அந்த ஊறலையும் பல பேர் உப்புன்னு எடுத்துக்குவாங்க. பாறைல இருந்து ருசி நேரா கிளாஸுக்கு வருதுங்கற கதையையும் அலெக்ஸ் மால்ட்மன்னு ஒரு புவியியல் பேராசிரியர் வருஷக்கணக்கா மறுத்து எழுதிட்டு வர்றார். வேர் எடுக்கறது கரைஞ்ச அயனிகளத்தான், கல்லோட ருசிய இல்ல, அதுவும் ரொம்பச் சொற்பம்.

மன்சனீயாவ நீங்க இழுத்தது எனக்கு ரொம்ப வசதி. அந்தப் பழம் விளையற சுண்ணாம்பு மண் தோட்டம் நிறைய உள்வாங்கித்தான் இருக்கு. கடல் அங்க வேலை செய்யறது பீப்பா இருக்கற கிடங்குல. ஈரமான குளுமையான காத்துல ஒயின் மேல ஃப்ளோர்னு ஈஸ்ட் படலம் கனமா வளரும், அது கிளிசரால சாப்பிட்டுடும், வழவழப்பு போயிடும், வாய் வறண்ட மாதிரி சுத்தமான ஒரு ருசி வரும். உப்புன்னு எல்லாரும் சொல்றது பெரும்பாலும் இந்த வறட்சியத்தான். கடலுக்கும் அந்த ருசிக்கும் சம்பந்தம் உண்டு, உப்புக்கும் அதுக்கும்தான் இல்ல.

சும்மா_கேட்டேன்:
பாதிகிளாஸ் தல, உங்க சாட்சியே எதிர்க்கட்சிக்குப் போயிருச்சு 😄

பாதிகிளாஸ்:
போகட்டும், மிச்சம் மூணு என் பக்கம்தான் நிக்குது. லேப்கோட் சார், மனுசன் நாக்க விட உங்க மெஷின் பெருசுன்னு சொல்றீங்களா?

லேப்கோட்:
நாக்கு பெருசுதான், ஆனா கண்ணு அத ஏமாத்திடும். 2001-ல மோரோ, புரோஷே, துபூர்தியூன்னு மூணு பேர் போட்ட ஆய்வுக் கட்டுரை ஒண்ணு இருக்கு. போர்டோ யுனிவர்சிட்டில ஒயின் படிக்கற 54 மாணவர்கள் கிட்ட ஒரு வெள்ளை ஒயினக் குடுத்து வாசனைய எழுதச் சொன்னாங்க, அப்புறம் அதே ஒயின்ல வாசனையே இல்லாத சிவப்புச் சாயத்தக் கலந்து குடுத்தாங்க. சிவப்பு ஒயினுக்கு எழுதற வார்த்தைகளத்தான் எழுதுனாங்க. படிக்கற பசங்களுக்கே கலர் இந்த வேலை காட்டுதுன்னா, ஜன்னல் நிறைய கடலும் "உப்பு நிக்கும் பாருங்க"ன்னு ஒரு குரலும் சேர்ந்தா நமக்கு என்ன ஆகும்? அலைவரிசை அவர்களே, அந்தப் பொண்ணு நீங்க குடிக்கறதுக்கு முன்னாடி சொன்னாங்களா, பின்னாடி சொன்னாங்களா?

அலைவரிசை:
முன்னாடிதான் சார். இத இப்ப எங்க வீட்டுக்காரர் பக்கத்துல உக்காந்து படிச்சிட்டு சிரிக்கறார்.

லேப்கோட்:
அடுத்த தடவை கைடு வாயத் திறக்கறதுக்கு முன்னாடி ஒரு வாய் குடிச்சு மனசுல தோணறதக் குறிச்சு வெச்சுக்கோங்க. நல்ல கைடா இருந்தா அவங்களே முதல்ல உங்களக் கேப்பாங்க.

வீட்லயும் பண்ணலாம். அங்க வாங்கின பாட்டில் இருக்கா? அதே ரகத் திராட்சைல, கடலையே பாக்காத தோட்டத்து ஒயின் ஒண்ணு வாங்குங்க, முடிஞ்சா அதே வருஷத்தது. ஆளுக்கு மூணு கிளாஸ், ரெண்டுல ஒரே ஒயின், ஒண்ணுல மட்டும் வேற. ஊத்தறவர் குடிக்கக் கூடாது, குடிக்கறவங்க இருக்கற பக்கமே வரக் கூடாது. எது வேறன்னு முதல்ல கண்டுபிடிக்கணும், அதுக்கப்புறம்தான் எது உப்புன்னு கேக்கணும். ரெண்டு பாட்டிலும் ஒரே குளிர்ல இருக்கறது ரொம்ப முக்கியம், இல்லன்னா நாக்கு சூட்டத்தான் கண்டுபிடிக்கும்.

அலைவரிசை:
பாட்டில் இருக்கு, அந்த இன்னொரு ஒயினத் தேடிப் பாக்கறேன். மண்புழு அண்ணா, உங்க கிட்ட ஒண்ணு. கைடு "எங்க கொடியெல்லாம் ஒட்டுக்கட்டாதது, சொந்த வேர்ல நிக்குது"ன்னு ரொம்பப் பெருமையா சொன்னாங்க, மணல கைல அள்ளிக் காட்டுனாங்க. அதுல என்ன பெருமை? ஒட்டுக்கட்டுனா மட்டமா?

மண்புழு:
மட்டமெல்லாம் இல்லம்மா, அது உயிர் பிழைச்ச கதை. 1860-கள்ல அமெரிக்காவுல இருந்து ஃபிலாக்சராங்கற ஒரு பூச்சி ஐரோப்பாவுக்குள்ள வந்துச்சு, அசுவினி வகையறா, கண்ணுக்கே சரியாத் தெரியாது, வேர உறிஞ்சி உறிஞ்சி கொடியவே சாகடிச்சிடும். பிரான்ஸ்ல ஆரம்பிச்சு கண்டம் பூரா தோட்டம் தோட்டமா அழிஞ்சுது. மருந்து எதுவும் வேலைக்கு ஆகல. கடைசில அமெரிக்கக் கொடியோட வேர் இந்தப் பூச்சியத் தாங்குதுன்னு கண்டுபிடிச்சு அது மேல ஐரோப்பியக் கொடிய ஒட்டுக்கட்டுனாங்க, இன்னிக்கு வரைக்கும் உலகத்துல பெரும்பாலான ஒயின் திராட்சை அப்படித்தான் நிக்குது.

மணல்ல மட்டும் அந்தப் பூச்சியால பிழைக்க முடியல. அதனால கடலோர மணல் தோட்டம் சிலது தப்பிச்சுது. போர்ச்சுகல்ல லிஸ்பன் பக்கத்துல கொலாரஸ்னு ஒரு இடம், அட்லாண்டிக் கரை, ராமிஷ்கோங்கற சிவப்பு ரகம், மணல மீட்டர் கணக்குல தோண்டி அடியில இருக்கற களிமண்ணத் தொட்டு நடுவாங்க. தோண்டும்போது மணல் சரிஞ்சா மூச்சு விடறதுக்குன்னு தலைல கூடையக் கவுத்துக்கிட்டு இறங்குவாங்கன்னு ஒரு கதை உண்டு. சாண்டோரினியும் அப்படித்தான், எரிமலைச் சாம்பல் மண்ணு, களிமண் இல்லாததால பூச்சி அண்டல. அங்க காத்துக்குப் பயந்து கொடியவே கூடை மாதிரி வளைச்சு வளைச்சு தரையில சுத்தி வெச்சிருப்பாங்க, கூலூரான்னு பேரு, பழம் அந்தக் கூடைக்குள்ள காத்துக்கும் வெயிலுக்கும் ஒளிஞ்சிருக்கும். மழை ரொம்பக் குறைவு, ராத்திரி கடல்ல இருந்து வர்ற ஈரம்தான் கொடிக்குக் கொஞ்சம் ஆதரவு.

இதுக்கு நேர் எதிர் ரியாஸ் பாய்ஷாஸ். அதுவும் கடலோரம்தான், ஆனா மழை கொட்டித் தீக்கற ஊரு. அங்க கருங்கல் தூண் நட்டு ஆளு உயரத்துக்குப் பந்தல் போட்டு கொடிய மேல ஏத்திடுவாங்க, கீழ காத்து ஓடும், பழம் அழுகாது. ரெண்டும் கடலோர ஒயின், ஒண்ணு தரையில ஒண்ணு தலைக்கு மேல. அதனால எந்தத் தோட்டம் போனாலும் கைடு கிட்ட "ஏன் இவ்ளோ உயரத்துல வளக்கறீங்க?"ன்னு கேளுங்க. மழை, காத்து, மண்ணு, கூலி ஆளு கிடைக்கறது வரைக்கும் எல்லாம் அந்தப் பதில்ல வந்துடும். இதுக்குப் பதில் சொல்லத் தெரியாத கைடு ஒயினப் பத்திச் சொல்றதயும் நான் பாதிதான் நம்புவேன்.

பச்சைஇலை:
நடுவுல வர்றேன், நான் சுத்த சைவம். எங்க ஆபீஸ்ல இப்படி ஒரு டேஸ்டிங் பிளான் ஓடுது. ஒயின் திராட்சைதானே, சைவம்தானேன்னு எல்லாரும் சொல்றாங்க, ஒருத்தர் மட்டும் முட்டை போடுவாங்கன்னு கொளுத்திப் போட்டுட்டுப் போயிட்டார். உண்மையா?

லேப்கோட்:
உண்மைதான், ஆனா எல்லா ஒயினுக்கும் இல்ல. புதுசா புளிச்ச ஒயின் கலங்கலா இருக்கும். அதத் தெளிய வைக்க ஏதாவது ஒரு பொருளப் போடுவாங்க, அது மிதக்கற துகளப் பிடிச்சுக்கிட்டு அடியில போய்ப் படியும், அப்புறம் மேல இருக்கற ஒயின மட்டும் எடுத்துக்குவாங்க. சிவப்பு ஒயினோட துவர்ப்பக் குறைக்க முட்டை வெள்ளைக்கரு பழைய முறை. பால்ல இருந்து எடுக்கற கேசின் உண்டு, ஜெலட்டின் உண்டு, வெள்ளை ஒயினுக்கு மீனோட காத்துப்பைல இருந்து எடுக்கற ஐசிங்கிளாஸ் உண்டு. பென்டோனைட்டுங்கற களிமண்ணையும் போடுவாங்க, அதுல உங்களுக்கு எந்தப் பிரச்னையும் இல்ல. படிஞ்சத நீக்கிடறாங்க, கிளாஸ்ல மிஞ்சறது மிகச் சொற்பம், ஆனா அந்தச் சொற்பம் ஓகேவாங்கறது உங்க முடிவு. லேபிள்ல வீகன்னு போட்டிருந்தா நிம்மதி. போடலன்னா நேரா கேளுங்க, சின்னத் தோட்டத்துல ஒயின் செஞ்சவரே எதிர்ல நிப்பார், பெரிய கம்பெனி கவுன்டர்ல அந்த வசதி கிடைக்காது.

பச்சைஇலை:
ரொம்ப நன்றி சார், இத அப்படியே ஆபீஸ் குரூப்ல போடறேன்.

ஸ்டியரிங்சாமி:
நான் குடிக்காத ஆளு. ஆனா இந்த மாதிரி டூர்ல எங்க கேங்குல நான் கட்டாயம் உண்டு, ஏன்னா வண்டி ஓட்டறது நான்தான். துப்பற பக்கெட் பத்திக் கேட்டாங்களே, யாரும் ஒழுங்கா பதில் சொல்லாம பூச்சிக் கதைக்குப் போயிட்டீங்க.

கணக்கு சொல்றேன். ஒரு கிளாஸ்ல 50 மி.லி.ன்னு வைங்க, அஞ்சு கிளாஸ் 250 மி.லி., ஒரு பாட்டில் 750, ஆக மூணுல ஒரு பாட்டில் உள்ள போயிருக்கு. 13 சதவீத ஒயின்னா சுத்த ஆல்கஹால் 25 கிராம் சொச்சம். அமெரிக்காக்காரன் ஒரு டிரிங்க்ங்கறது 14 கிராம், ஆஸ்திரேலியாவுல 10, பிரிட்டன்ல ஒரு யூனிட்டே 8 கிராம்தான். டேஸ்டிங்தானே, ஒரு வாய்தானேன்னு எல்லாரும் சொல்லிட்டு சாவிய எடுக்கறாங்க, அதுதான் எனக்குக் கடுப்பு. அதுவும் கடலோர ரோடு, வளைவு வளைவா இருக்கும், சாயங்காலம் மூடுபனி வேற. ஓட்டறவன் துப்பினாலும் கொஞ்சம் உள்ள இறங்கத்தான் செய்யும், அதனால ஓட்டறவன் மோந்து பாத்துட்டு கிளாஸக் கீழ வெச்சுடணும்.

இன்னொண்ணும் சொல்லிடறேன், திட்டுனாலும் பரவால்ல. ஒயின் இதயத்துக்கு நல்லதுன்னு டேஸ்டிங் மேஜைல யாராவது ஒருத்தர் கட்டாயம் ஆரம்பிப்பார். உலக சுகாதார நிறுவனம் 2023 ஜனவரில தெளிவா சொல்லியாச்சு, பாதுகாப்பான அளவுன்னு ஒண்ணு இல்லன்னு. புற்றுநோய் உண்டாக்கற பொருள் பட்டியல்ல ஆல்கஹால் பானம் 1988-லேர்ந்து முதல் குரூப்ல இருக்கு. குடிக்கறவங்க ருசிக்காகக் குடிங்க, மருந்துன்னு சொல்லிக் குடிக்காதீங்க.

பாதிகிளாஸ்:
சாமி சொன்னதுல எனக்கு மறுப்பில்ல, ருசிக்குத்தான் குடிக்கறேன். துப்பறது பத்தி நான் சொல்றேன் அலைவரிசை அக்கா. அது மரியாதைக் குறைச்சல் இல்லவே இல்ல, ஒயின் செய்யறவங்க தொழில்ல இருக்கற நேரம் பூரா துப்பிட்டேதான் இருப்பாங்க, இல்லன்னா மத்தியானத்துக்கு மேல வேலை நடக்காது. நீங்க துப்புனா "ஓ, இவங்க கவனமா பாக்கறாங்க"ன்னுதான் நினைப்பாங்க. வாய்ல பூரா சுத்த விட்டு, உதட்டக் குவிச்சு, கொஞ்சம் காத்து உறிஞ்சி, அப்புறம் குனிஞ்சு துப்புங்க. நின்னுக்கிட்டே குறி பார்த்து ஸ்டைலா துப்பறதெல்லாம் பழகினவங்க வேலை, வெள்ளைச் சட்டைல போகாதீங்க. கிளாஸ்ல மிச்சம் இருக்கறதயும் அதே பக்கெட்ல ஊத்திடலாம், தப்பே இல்ல.

சென்ட் அடிச்சுக்கிட்டு மட்டும் போகாதீங்க, உங்களுக்கு மட்டுமில்ல பக்கத்துல இருக்கறவங்களுக்கும் ஒயின் வாசனை போச்சு. அப்புறம் ஜில்லுனு ஐஸா குடுத்தா கொஞ்ச நேரம் கையால கிளாஸப் பொத்தி வெச்சுட்டு மறுபடி மோந்து பாருங்க, வெள்ளை ஒயின் 8-லேர்ந்து 12 டிகிரிக்குள்ள இருந்தா நல்லா வாசனை விடும், அதுக்குக் கீழ போனா வாய மூடிக்கும். கைடு எலுமிச்சைத் தோல், பச்சை ஆப்பிள், வெள்ளைப் பூன்னு அடுக்கிட்டே போவாங்க, அது எல்லாத்தையும் தேடணும்னு கட்டாயம் இல்ல, உங்க மூக்குக்கு மழை பேஞ்ச சிமென்ட் தரைன்னு பட்டா அதையே சொல்லுங்க.

சும்மா_கேட்டேன்:
கிளாஸச் சுத்துனா ஓரத்துல கோடு கோடா வழியுமே, அது மெதுவா வழிஞ்சா நல்ல ஒயின்னு எங்க மாமா சொல்வார். அப்புறம் எனக்கு சிவப்பு ஒயின் ஒரு கிளாஸ் போனாலே தலைவலி, சல்ஃபைட்டுங்கறாங்க. ரெண்டுக்கும் பதில் ப்ளீஸ்.

லேப்கோட்:
மாமாவுக்கு வணக்கம் சொல்லுங்க, ஆனா அது தரத்தக் காட்டாது. ஓரத்துல மெல்லிசா இருக்கற படலத்துல ஆல்கஹால் சீக்கிரம் ஆவியாகுது, அங்க தண்ணியோட பங்கு கூடுது, பரப்பு இழுவிசை ஏறி கீழ இருந்து இன்னும் ஒயின மேல இழுக்குது, எடை தாங்காம சொட்டா இறங்குது. 1855-லேயே ஜேம்ஸ் தாம்சன் விளக்கின விஷயம். ஆல்கஹால் கூடுனா கோடு நல்லாத் தெரியும், அவ்ளோதான்.

தலைவலிக்கு சல்ஃபைட்டக் குத்தம் சொல்றது கஷ்டம், ஏன்னா பொதுவா வெள்ளை ஒயின்லதான் அது அதிகம் போடுவாங்க. ஆஸ்துமா இருக்கற சிலருக்கு அது ஒத்துக்காது, அது தனி. 2023-ல டேவிஸ்ல இருக்கற கலிஃபோர்னியா யுனிவர்சிட்டிக்காரங்க க்வெர்செடின்னு திராட்சைத் தோல்ல இருக்கற ஒரு பொருளச் சந்தேகப்பட்டு எழுதுனாங்க. அது உடம்புல மாறி ஆல்கஹாலச் செரிக்கற ஒரு நொதியத் தடுக்குதுங்கற கருத்து. அது சோதனைக்குழாய்ல பாத்தது, மனுசங்க கிட்ட நிரூபிச்சது இல்ல. உங்களுக்கு வலிக்குதுன்னா குடிக்காதீங்க, அதுக்கு ஆராய்ச்சி எதுவும் தேவையில்ல.

அலைவரிசை:
வந்துட்டேன் மக்களே. அந்த மூணு கிளாஸ் வேலையப் பண்ணியாச்சு. அதே ரகம், அதே வருஷம், மலைப்பக்கத்துத் தோட்டத்து ஒயின் கிடைச்சுது. நாங்க நாலு பேர் குடிச்சோம், எதிர் வீட்டுப் பொண்ணு அடுப்படில ஊத்தி நம்பர் ஒட்டி வெச்சுட்டு அந்தப் பக்கமே வரல. வேற கிளாஸ் எதுன்னு மூணு பேர் சரியாச் சொன்னோம், ஒரு ஃப்ரெண்ட் மட்டும் தப்பு. அதுக்கப்புறம் எது உப்புன்னு கேட்டா, சரியாச் சொன்ன மூணு பேர்ல நானும் இன்னொரு ஃப்ரெண்டும் கை காட்டுனது மலைப்பக்கத்து ஒயின! வீட்டுக்காரர்தான் கடலோரத்துத சொன்னார். ரீல்னு சண்டை போட்டவருக்கு உப்பு தெரியுது, ஆமான்னு தலையாட்டுன எனக்குத் தெரியல. மனுசன் இப்ப சந்தோஷப்படறதா வேணாமான்னு தெரியாம முழிச்சிட்டு இருக்கார்.

சும்மா_கேட்டேன்:
ஹாஹாஹா வீட்டுக்காரர் இப்ப எந்தக் கட்சி? நான் அவர நம்பித்தானே நின்னேன்.

லேப்கோட்:
அருமையா பண்ணியிருக்கீங்க. நாலுல மூணு பேராவது சரியாச் சொல்றதுங்கறது குருட்டாம்போக்குலயே 9-ல் ஒரு தடவை நடக்கும், அதனால ரெண்டு ஒயினுக்கும் வித்தியாசம் தெரியுதுன்னு அடிச்சுச் சொல்ல இது பத்தாது. நாலு பேரும் சரியாச் சொல்லியிருந்தா 81-ல் ஒண்ணு, அது கொஞ்சம் கனமான சாட்சி. எட்டுப் பத்துப் பேர் சேர்ந்தா நல்லது. அந்த மலைப்பக்கத்து லேபிள்ல மண்டியோட வெச்சது, அதாவது சுர் லீன்னு ஏதாவது போட்டிருக்கா?

அலைவரிசை:
போட்டிருக்கு சார்! எப்படிக் கண்டுபிடிச்சீங்க? அதுவும் 8 மாசம்னு போட்டிருக்கு.

லேப்கோட்:
செத்த ஈஸ்ட் மண்டியோட மாசக்கணக்குல ஒயின விட்டா ஈஸ்ட் உடைஞ்சு அமினோ அமிலமெல்லாம் ஒயின்ல இறங்கும், வாய்ல ஒரு கனம் வரும், கறி வேகவெச்ச தண்ணில இருக்குமே அந்த வகைச் சுவை. அத நிறைய பேர் உப்புன்னு படிப்பாங்க. நீங்களும் உங்க ஃப்ரெண்டும் பிடிச்சது அதா இருக்கலாம்.

பாதிகிளாஸ்:
சார் ஒரு நிமிஷம். மஸ்கடேல நிறைய சுர் லீதான். கடலுக்கும் பக்கம், மண்டியோடவும் இருக்கு. அப்ப அதுல வர்ற உப்பு மண்டியா கடலான்னு நீங்களும் பிரிக்க முடியாது, நானும் பிரிக்க முடியாது. இந்த டெஸ்ட்ல கடல் தோத்துடுச்சுன்னு சொல்ல விட மாட்டேன். மண்டி இல்லாத ரெண்டு ஒயின வெச்சு மறுபடி பண்ணணும்.

லேப்கோட்:
இதுல உங்க கூட முழுசா ஒத்துப்போறேன். அதே ரகம், அதே வருஷம், ரெண்டும் ஸ்டீல் டேங்க்ல செஞ்சது, ரெண்டும் மண்டில கிடக்காதது. அது கிடைச்சாத்தான் பேச்சு.

மண்புழு:
அந்தத் தோட்டத்துலயே கேட்டுப் பாருங்க. கடல் பக்கத்து வரிசையத் தனியா, உள்பக்க வரிசையத் தனியா சின்ன டேங்க்ல செய்யற ஆளுங்க இருக்காங்க, கலக்கறதுக்கு முன்னாடி போனா ரெண்டையும் தனித்தனியா ருசி பாக்க விடுவாங்க. செடி ஒண்ணு, ஆளு ஒண்ணு, செய்முறை ஒண்ணு, தூரம் மட்டும் வேற. இதவிட நல்ல ஒப்பீடு கடைல கிடைக்காது.

அலைவரிசை:
சூப்பர் ஐடியா அண்ணா, மெயில் போடறேன். எப்ப போனா அது கிடைக்கும்? அறுவடைய நேர்ல பாக்கற மாதிரி போனா ரெண்டும் நடக்குமா?

மண்புழு:
அறுவடை சமயம் போகாதீங்கம்மா, உங்களுக்கும் நல்லதில்ல அவங்களுக்கும் நல்லதில்ல. வடக்கு அரைக்கோளத்துல ஆகஸ்ட்லேர்ந்து அக்டோபர் வரைக்கும், தெக்குப் பக்கம் பிப்ரவரிலேர்ந்து ஏப்ரல் வரைக்கும் அறுவடை ஓடும். குடும்பத் தோட்டத்துல அப்ப விடியறதுக்கு முன்னாடி பழம் அறுப்பாங்க, பகல் பூரா பிழிவாங்க, ராத்திரி டேங்க் கழுவுவாங்க, உங்களுக்கு ஊத்திக் குடுத்து கதை சொல்ல ஆளு இருக்காது, இருந்தாலும் தூங்கி விழுவாங்க. அறுவடை முடிஞ்சு சில மாசம் கழிச்சு, கவாத்து நடக்கற குளிர்காலக் கடைசில போங்க. கொடி மொட்டையா நிக்கும், ஃபோட்டோவுக்கு அழகா இருக்காது, கூட்டமும் இருக்காது. டேங்க்ல எல்லாம் தனித்தனியா நிக்கற நேரம் பெரும்பாலும் அதுதான், கலவை பண்றதும் பாட்டில் அடைக்கறதும் அதுக்கப்புறம். எந்த வரிசை எந்த டேங்க்னு சாக்பீஸ்ல எழுதி வெச்சிருப்பாங்க. டேங்க்ல இருந்து எடுக்கறது கலங்கலா, கொஞ்சம் நுரையோட இருக்கும், பயப்படாதீங்க.

ஸ்டியரிங்சாமி:
குளிர்காலம்னா சீக்கிரம் இருட்டிடும். மதியத்துக்கு முன்னாடி ஸ்லாட் புக் பண்ணுங்க, ஓட்டறது யாருன்னு கிளம்பறதுக்கு முன்னாடியே முடிவு பண்ணிடுங்க.

அலைவரிசை:
வீட்டுக்காரர்தான் ஓட்டறாராம், இப்பவே சொல்லிட்டார். குடிச்சா மறுபடி உப்பு தெரிஞ்சிடுமோன்னு பயம் போல 😂 மெயிலுக்குப் பதில் வந்ததும் இங்கயே போடறேன்.